டிரினிடாட்டில் பிரதமர் நாற்காலி எப்படிக் கைமாறுகிறது?

2025 மார்ச் 16 அன்று டிரினிடாட் டொபாகோவின் பிரதமராக இருந்தவர் கீத் ரவுலி. மறுநாள் அந்த இடத்தில் ஸ்டூவர்ட் யங். மே 1 அன்று கம்லா பெர்சாத்-பிசேசர். ஒன்றரை மாதத்துக்குள் ஒரு நாடு மூன்று பிரதமர்களைப் பார்த்துவிட்டது. இதில் யாரும் யாரையும் கவிழ்க்கவில்லை, எல்லாம் அரசியல் சட்டத்தில் எழுதி வைத்த வழியிலேயே நடந்தது.

லாரா, பொல்லார்ட், நரைன் பிறந்த நாடு என்ற அளவில்தான் நம்மில் பலருக்கு டிரினிடாட்டைத் தெரியும். தென் அமெரிக்காவை ஒட்டி, வெனிசுலாவுக்கு எதிரே இருக்கும் இரண்டு தீவுகள், ஏறக்குறைய 14 லட்சம் மக்கள், எண்ணெயும் எரிவாயுவும் வருமானம். இவ்வளவு சின்ன நாட்டின் அரசியலை ஏன் படிக்க வேண்டும் என்று கேட்டால், ஒரு நாடாளுமன்ற ஆட்சியில் பிரதமர் மாறக்கூடிய வழிகள் கிட்டத்தட்ட அத்தனையும் அங்கே நடந்து முடிந்திருக்கின்றன என்பதுதான் என் பதில். பதவியில் இருக்கும்போதே இறப்பு, பெருந்தோல்வி, கூட்டணி பேரம், சமநிலை, விலகல், துப்பாக்கி முனையில் ஒரு முயற்சி, எல்லாம். பாடப் புத்தகத்தில் வரும் "பெரும்பான்மை பெற்றவரே பிரதமர்" என்ற ஒற்றை வரி எங்கெல்லாம் திணறும் என்று பார்க்க இதைவிட நல்ல இடம் கிடைக்காது.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். நாட்டின் தலைவர் வேறு, அரசாங்கத்தின் தலைவர் வேறு. 1962 ஆகஸ்ட் 31 அன்று பிரிட்டனிடமிருந்து விடுதலை பெற்றபோது நாட்டின் தலைவராக எலிசபெத் ராணியே நீடித்தார், அவர் சார்பில் ஒரு கவர்னர் ஜெனரல் இருந்தார். 1976-இல் குடியரசானதும் அந்த இடத்துக்கு ஜனாதிபதி வந்தார். அவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை, நாடாளுமன்றத்தின் இரண்டு அவைகளும் சேர்ந்து தேர்ந்தெடுக்கும். ஆட்சியை நடத்துவது பிரதமரும் அவருடைய அமைச்சரவையும். இந்தியாவில் இருப்பதும் கிட்டத்தட்ட இதே முறைதான், அதனால் நமக்கு இது புரிவதில் சிரமம் இருக்காது.

ஆனால் எல்லா கரீபியன் நாட்டிலும் இப்படி என்று நினைத்துவிட வேண்டாம். பக்கத்தில் இருக்கும் கயானாவில் பிரதமர் என்று ஒருவர் உண்டு, ஆனால் அரசாங்கத்தின் தலைவர் ஜனாதிபதிதான். 2015 முதல் 2020 வரை அங்கே பிரதமராக இருந்த மோசஸ் நாகமுத்து தமிழ் வம்சாவளி. பெயரைப் பார்த்ததும் நமக்கு ஒரு சந்தோஷம் வருகிறது, சரி, ஆனால் முடிவெடுக்கும் அதிகாரம் அந்த நாற்காலியில் இல்லை. ஆகவே ஒரு நாட்டின் அரசாங்கத் தலைவர்களின் வரிசையைப் படிக்கும்போது யாருடைய வரிசையைப் படிக்கிறோம் என்று முதலில் பார்த்துக்கொள்வது நல்லது.

சரி, விதிக்கு வருவோம். டிரினிடாட் அரசியல் சட்டத்தின் 76-ஆம் பிரிவு இரண்டு வழிகளைச் சொல்கிறது. மக்களவையில் பெரும்பான்மை உறுப்பினர்களின் ஆதரவு உள்ள கட்சிக்கு அந்த அவையில் தலைவர் யாரோ, அவரை ஜனாதிபதி பிரதமராக நியமிக்க வேண்டும். அந்தக் கட்சிக்கு அவையில் எல்லோரும் ஏற்ற ஒரு தலைவர் இல்லை என்றாலோ, எந்தக் கட்சிக்குமே பெரும்பான்மை இல்லை என்றாலோ, பெரும்பான்மை ஆதரவைப் பெற அதிக வாய்ப்புள்ளவர் என்று ஜனாதிபதி தன் கணிப்பில் யாரைக் கருதுகிறாரோ அவரை நியமிக்கலாம். முதல் வழியில் ஜனாதிபதிக்கு வேலையே இல்லை, கையெழுத்துப் போட்டால் போதும். இரண்டாம் வழியில் நாட்டின் பிரதமர் யார் என்பது ஒரே ஒரு மனிதரின் கணிப்பில் தொங்குகிறது. கதையெல்லாம் இந்த இரண்டாம் வழியில்தான் இருக்கிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். அமெரிக்காவில் அதிபர் இறந்தால் துணை அதிபர் அந்தக் கணமே அதிபர். இங்கே அப்படி "அடுத்தவர்" என்று யாரும் சட்டத்தில் இல்லை. பிரதமர் வெளிநாடு போனாலோ உடம்புக்கு முடியாமல் போனாலோ ஒரு அமைச்சர் தற்காலிகமாகப் பொறுப்பைப் பார்த்துக்கொள்வார், அவ்வளவுதான். பிரதமருக்குப் பதவிக்கால வரம்பும் இல்லை. எத்தனை தடவை வேண்டுமானாலும் வரலாம், போகலாம், திரும்ப வரலாம். பின்னால் வரப்போகும் பேட்ரிக் மேனிங் அப்படி வந்தார், கம்லாவும் வந்தார்.

தொடக்கமே ஒரு கூட்டல் கணக்கு

முதல் தலைவர் எரிக் வில்லியம்ஸ். ஆக்ஸ்ஃபோர்டில் டாக்டர் பட்டம் வாங்கிய வரலாற்றாசிரியர். போர்ட் ஆஃப் ஸ்பெயின் நகரின் உட்ஃபோர்டு சதுக்கத்தில் நின்றுகொண்டு காலனி ஆட்சி, அடிமை முறை, பொருளாதாரம் என்று அவர் நடத்திய பொதுக்கூட்டங்களுக்கு மக்கள் திரண்டு வந்து கேட்டார்கள். அந்தச் சதுக்கத்தையே பல்கலைக்கழகம் என்று அழைத்தார்கள். 1956 ஜனவரியில் மக்கள் தேசிய இயக்கம் என்ற கட்சியைத் தொடங்கினார். இனி அதை பி.என்.எம். என்றே சொல்கிறேன், அங்கேயும் அப்படித்தான் சொல்வார்கள். அதே ஆண்டு செப்டம்பரில் தேர்தல், தேர்ந்தெடுக்கப்படும் 24 இடங்களில் 13 கிடைத்தது.

பெரும்பான்மைதானே என்று தோன்றும். இல்லை. அன்றைய சட்டசபையில் மொத்தம் 31 பேர். 24 பேர் மக்கள் தேர்ந்தெடுத்தவர்கள், 5 பேர் கவர்னர் நியமிப்பவர்கள், 2 பேர் அதிகாரிகள். 31-இல் 13 போதாது. வில்லியம்ஸ், நியமன உறுப்பினர்களில் இருவர் தன் கட்சிக்கு உகந்தவர்களாக இருக்க வேண்டும் என்று கேட்டார், கவர்னர் பீத்தம் லண்டனின் சம்மதத்தோடு ஒப்புக்கொண்டார். இப்படித்தான் அவர் முதலமைச்சர் ஆனார். ஆக, இந்த நாட்டின் முதல் அரசாங்கத் தலைவரே எண்ணிக்கை போதாமல் மேலிருந்து வந்த ஒரு கை உதவியால்தான் பதவிக்கு வந்தார். 1959-இல் அந்தப் பதவி பிரிமியர் என்றானது, 1962-இல் பிரதமர்.

அதற்கப்புறம் அவர் நகரவே இல்லை. முதலமைச்சர் காலத்தையும் சேர்த்தால் 24 ஆண்டுகளுக்கு மேல். 1970-இல் கறுப்பர் எழுச்சி இயக்கம் நாட்டை உலுக்கியபோது, வில்லியம்ஸுக்கு அடுத்தவர் என்று பலரும் நினைத்திருந்த ராபின்சன் அமைச்சரவையிலிருந்து விலகினார். இந்த ராபின்சனை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். டிரினிடாட்டில் எப்போதெல்லாம் நாற்காலி ஆடுகிறதோ அப்போதெல்லாம் அவர் பக்கத்தில் நிற்பார். 1971 தேர்தலை எதிர்க்கட்சிகள் புறக்கணித்தன, பி.என்.எம். 36 இடங்களையும் அள்ளியது. 1973-இல் வில்லியம்ஸ் தானே ஓய்வு பெறப்போவதாக அறிவித்தார், கட்சியில் அடுத்தது யார் என்ற போட்டி கிளம்பியது, அப்புறம் மனதை மாற்றிக்கொண்டு திரும்பி வந்தார். வாரிசை வளர்க்காத தலைவர்களை நாமும் நிறையப் பார்த்திருக்கிறோம்.

1981: மூன்று பேர், ஒரு நாற்காலி

1981 மார்ச் 29, ஞாயிற்றுக்கிழமை, வில்லியம்ஸ் பிரதமர் இல்லத்தில் இறந்துபோனார். சர்க்கரை நோய் இருந்தது, வைத்தியம் பார்த்துக்கொள்ளவில்லை. நாட்டின் வரலாற்றில் அதுவரை ஒரே ஒரு பிரதமர்தான் இருந்தார், அவர் இப்போது இல்லை, அடுத்தவர் யார் என்று கட்சி முடிவு செய்து வைத்திருக்கவில்லை.

கட்சிக்குத் துணைத் தலைவர்கள் மூன்று பேர்: ஜார்ஜ் சேம்பர்ஸ், எரோல் மகாபீர், கமாலுத்தீன் முகமது. மூவருமே அமைச்சர்கள், மூவருமே அவையில் இருந்தார்கள். ஜனாதிபதி எல்லிஸ் கிளார்க் நல்ல சட்ட வல்லுநர், குடியரசு அரசியல் சட்டத்தை உருவாக்கியதில் பங்கு உள்ளவர். அவர் மூவரையும் கூப்பிட்டுப் பேசினார். பெரும்பான்மைக் கட்சி எது என்பதில் சந்தேகமே இல்லை, ஆனால் அதற்கு எல்லோரும் ஏற்ற தலைவர் இல்லை, எனவே 76-ஆம் பிரிவின் இரண்டாம் வழி. மறுநாளே சேம்பர்ஸ் பதவியேற்றார்.

ஏன் சேம்பர்ஸ்? மூவரில் மகாபீரும் முகமதுவும் இந்திய வம்சாவளி, சேம்பர்ஸ் ஆப்பிரிக்க வம்சாவளி, பி.என்.எம். கட்சியின் அடித்தளம் ஆப்பிரிக்க வம்சாவளி வாக்காளர்கள். அனுபவத்தில் மூத்தவர் முகமது, அவரைத் தாண்டிப் போனதற்குக் காரணம் இதுதான் என்று இன்றைக்கும் அங்கே பேசுபவர்கள் உண்டு. இந்த இனக் கணக்கைப் புரிந்துகொள்ளாமல் அந்த நாட்டு அரசியல் புரியாது. 1845-இல் தொடங்கி ஒப்பந்தக் கூலிகளாக இந்தியர்கள் கப்பல் கப்பலாகக் கரும்புத் தோட்டங்களுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். பெரும்பாலானோர் இன்றைய உத்தரப் பிரதேசம், பீகார் பக்கத்தவர்கள், சென்னைத் துறைமுகத்திலிருந்து போனவர்களும் கொஞ்சம் பேர் உண்டு. 2011 கணக்கெடுப்பில் இந்திய வம்சாவளியினர் 35 சதவீதத்துக்குக் கொஞ்சம் மேல், ஆப்பிரிக்க வம்சாவளியினர் 34 சதவீதத்துக்குக் கொஞ்சம் மேல், மீதியில் பெரும்பங்கு கலப்பு வம்சாவளியினர். எவருக்கும் தனிப் பெரும்பான்மை இல்லை. தேர்தலுக்குத் தேர்தல் ஒன்றிரண்டு இடங்களில் ஆட்சி ஊசலாடுவதற்கு அடிப்படைக் காரணம் இது.

சேம்பர்ஸ் அதே ஆண்டு நவம்பரில் தேர்தலைச் சந்தித்து 36-இல் 26 இடங்களை வென்றார். ஜனாதிபதி கொடுத்த நாற்காலியை மக்களிடம் கொண்டுபோய் முத்திரை வாங்கிக்கொண்டார் என்றே சொல்ல வேண்டும். ஆனால் எண்ணெய் விலை சரியத் தொடங்கிவிட்டது. கொண்டாட்டம் முடிந்தது, எல்லோரும் வேலைக்குத் திரும்ப வேண்டும் என்று அவர் சொன்னதை மக்கள் ரசிக்கவில்லை. 1986 டிசம்பரில் எதிர்க்கட்சிகள் எல்லாம் தேசிய மறுகட்டமைப்புக் கூட்டணி என்ற பெயரில் ஒன்று சேர்ந்து, ராபின்சன் தலைமையில் 33 இடங்களைப் பிடித்தன. பி.என்.எம். மூன்றே மூன்று. சேம்பர்ஸ் தன் சொந்தத் தொகுதியிலேயே தோற்றார். 30 ஆண்டுகள் ஒரே கட்சியின் ஆட்சி, அன்றைக்கு முடிந்தது.

துப்பாக்கி முனையில் பிரதமர் மாறுவாரா?

ராபின்சன் டொபாகோக்காரர், பெரிய வெற்றியோடு வந்தவர், ஆனால் கூட்டணி இரண்டு வருடத்துக்குள் உடைந்தது. இந்திய வம்சாவளி கரும்புத் தொழிலாளர்களின் தொழிற்சங்கத் தலைவரான பாஸ்தியோ பாண்டே 1988-இல் அமைச்சரவையிலிருந்து நீக்கப்பட்டார். அவர் தொடங்கியதுதான் ஐக்கிய தேசிய காங்கிரஸ், சுருக்கமாக யு.என்.சி. அதன் சின்னம் உதயசூரியன். சிரிக்க வேண்டாம், உண்மையாகவே அதுதான்.

1990 ஜூலை 27, வெள்ளிக்கிழமை மாலை. நாடாளுமன்றம் கூடியிருந்த செங்கட்டடத்துக்குள் யாசின் அபு பக்கரின் ஜமாத் அல் முஸ்லிமீன் அமைப்பைச் சேர்ந்த ஆயுதக்காரர்கள் புகுந்தார்கள், இன்னொரு குழு தொலைக்காட்சி நிலையத்தைப் பிடித்தது. அரசு கவிழ்ந்துவிட்டது என்று அபு பக்கர் தொலைக்காட்சியில் அறிவித்தார். பிரதமர் ராபின்சன் பணயக்கைதி. வெளியே இருக்கும் படையினரைப் பின்வாங்கச் சொல் என்று அவரை மிரட்டினார்கள். அவர் முழு வலிமையோடு தாக்குங்கள் என்று கத்தினார், அடி வாங்கினார், காலில் சுட்டார்கள்.

இப்போது நம் கேள்விக்கு வருவோம். அந்த ஆறு நாட்கள் அரசாங்கத்தின் தலைவர் யார்? ராபின்சன்தான். கட்டிப்போட்டுக் கிடந்தாலும் அவர்தான். ஜனாதிபதி ஹசனாலி அப்போது வெளிநாட்டில் இருந்தார், மேலவையான செனட்டின் தலைவர் இம்மானுவேல் கார்ட்டர் பொறுப்பு ஜனாதிபதி. ராபின்சன் விலக வேண்டும், அமைச்சர் வின்ஸ்டன் டூகெரான் இடைக்காலப் பிரதமராக வேண்டும் என்பது கிளர்ச்சிக்காரர்களின் நிபந்தனைகளில் ஒன்று. ஆகஸ்ட் 1 அன்று அவர்கள் சரணடைந்தார்கள், நாற்காலி கைமாறவில்லை. 1991 டிசம்பரில் வாக்குச்சீட்டுதான் ராபின்சனை இறக்கியது, பேட்ரிக் மேனிங் தலைமையில் பி.என்.எம். திரும்பியது. துப்பாக்கியால் முடியாததை ஒன்றரை வருடம் கழித்து வாக்காளர்கள் சத்தமில்லாமல் செய்தார்கள்.

மேனிங்கைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். தேர்தல் தேதியைத் தீர்மானிப்பது பிரதமரின் கையில் இருக்கும் பெரிய ஆயுதம். நாடாளுமன்றத்தின் ஆயுள் ஐந்து ஆண்டு, அதற்குள் எப்போது வேண்டுமானாலும் கலைக்கச் சொல்லலாம். (தேதி எதுவானாலும் கிழமை பெரும்பாலும் திங்கள்தான். நான் இங்கே குறிப்பிடும் பொதுத்தேர்தல்கள் எல்லாமே திங்கட்கிழமைகளில் நடந்தவை.) எதிரி தயாராகும் முன் களத்தில் இறக்கிவிடலாம் என்ற ஆசை எல்லாப் பிரதமருக்கும் வரும். மேனிங்குக்கு இரண்டு தடவை வந்தது, 1995-இல் ஒரு வருடம் முன்னதாக, 2010-இல் பாதிக் காலம் முடிந்த சூட்டில். இரண்டு தடவையும் தோற்றார். இந்த ஆயுதத்தை எடுத்தவர்கள் தம் கையைத்தான் அதிகம் வெட்டிக்கொண்டார்கள் என்பது என் கருத்து, பின்னால் வரும் பாண்டேயும் யங்கும் அதற்குச் சாட்சி.

1995 நவம்பரில் வந்த முடிவு: பி.என்.எம். 17, யு.என்.சி. 17, ராபின்சனின் கட்சி 2. அந்த இரண்டும் டொபாகோவின் இரண்டு தொகுதிகள். மொத்த நாடும் டொபாகோவை, அதாவது ராபின்சனை, திரும்பிப் பார்த்தது. அவர் பாண்டேயின் பக்கம் சாய்ந்தார். ஒரு காலத்தில் தன் அமைச்சரவையிலிருந்து நீக்கிய அதே பாண்டே! இப்படி டிரினிடாட்டின் முதல் இந்திய வம்சாவளிப் பிரதமர் வந்தார். 1997-இல் பாண்டேயின் ஆதரவோடு ராபின்சன் ஜனாதிபதியானார். கடன் தீர்ந்தது என்று பாண்டே நினைத்திருப்பார்.

2001 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள்

2000 டிசம்பரில் பாண்டே 36-இல் 19 இடங்களோடு மறுபடி வென்றார். ஆனால் ஜனாதிபதி ராபின்சனோடு உரசல் ஆரம்பித்துவிட்டது. தேர்தலில் தோற்ற சிலரை செனட் வழியாக அமைச்சராக்க பாண்டே பெயர் அனுப்ப, ராபின்சன் வாரக்கணக்கில் கையெழுத்துப் போடாமல் வைத்திருந்தார். அடுத்த வருடம் பாண்டேயின் சொந்த உறுப்பினர்களே மூன்று பேர் எதிர்த்துக் கிளம்பினார்கள். ரமேஷ் மகராஜ் போன்ற மூத்தவர்கள். 19-இல் மூன்று போனால் பெரும்பான்மை இல்லை. பாண்டே அவையைக் கலைக்கச் சொன்னார், ஒரே வருடத்தில் மறுபடி தேர்தல், 2001 டிசம்பர் 10.

முடிவு 18-18. சரிபாதி. மூன்றாவது கட்சி ஒரு இடம்கூட வெல்லவில்லை, அதனால் தராசைச் சாய்க்க ஒரு ஆளும் இல்லை. பாண்டேயும் மேனிங்கும் உட்கார்ந்து பேசி, ஜனாதிபதி யாரைச் சொன்னாலும் ஏற்கிறோம் என்று ஓர் உடன்பாட்டுக்கு வந்தார்கள். பாண்டே பதவியில் இருப்பவர், மொத்த வாக்குகளிலும் அவர் கட்சிதான் முன்னால். இப்படிச் சிக்கலான நேரத்தில் இருப்பவரையே முதலில் தொடரவிட்டு, அவையில் பலத்தைக் காட்டச் சொல்வது பிரிட்டன் வழி மரபு.

டிசம்பர் 24 அன்று ராபின்சன் மேனிங்கைப் பிரதமராக நியமித்தார். அரசியல் சட்டத்தின் முகப்புரையில் வரும் நெறிசார்ந்த, ஆன்மிகம் சார்ந்த மதிப்புகளைக் காரணமாகச் சொன்னார். பாண்டே அரசின் மேல் ஊழல் குற்றச்சாட்டுகள் நிறைய இருந்த சமயம் அது, எனவே யாரை நினைத்துச் சொன்னார் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. பாண்டே கொதித்துப்போனார், உடன்பாட்டைத் தூக்கி எறிந்தார்.

ராபின்சன் செய்தது சரியா? சட்டப்படி அவருக்கு அதிகாரம் இருந்தது, அதில் விவாதம் இல்லை. ஆனால் சட்டம் அவரிடம் கேட்டது யார் நல்லவர் என்பதை இல்லை, அவையில் பெரும்பான்மை ஆதரவு யாருக்குக் கிடைக்கும் என்பதை. 18-18 என்று நிற்கும்போது அதற்கு நேர்மையான பதில் "இருவருக்கும் இல்லை" என்பதுதான். நியமிக்கும் இடத்தில் இருப்பவர் கேட்ட கேள்வியை விட்டுவிட்டு வேறொரு கேள்விக்குப் பதில் சொன்னால், பதில் நல்லதாகவே இருந்தாலும் எனக்கு அது பிடிப்பதில்லை.

அந்தப் பதில் எவ்வளவு தாங்கும் என்று 2002 ஏப்ரலில் தெரிந்தது. அவை கூடினால் முதல் வேலை சபாநாயகரைத் தேர்ந்தெடுப்பது. சபாநாயகர் இல்லாமல் அவை ஒரு அடி நகர முடியாது. சபாநாயகர் வெளியாளாகவும் இருக்கலாம், ஆனால் வாக்கெடுப்பில் வெல்ல வேண்டும். பெயர் முன்மொழிய, 18-18. இன்னொரு பெயர், மறுபடி 18-18. பெயர் மாறியது, எண் மாறவே இல்லை. பிரதமர் இருக்கிறார், அமைச்சர்கள் இருக்கிறார்கள், ஆனால் நாடாளுமன்றம் இல்லை. முந்தைய பாண்டே அரசு நிறைவேற்றி வைத்த பட்ஜெட் பணத்தில் மேனிங் அரசு நாட்களை ஓட்டியது. புதிய பட்ஜெட்டுக்கு நேரம் நெருங்கியது, வேறு வழி இல்லை, அக்டோபர் 7 அன்று மூன்றாவது தேர்தல். பி.என்.எம். 20, யு.என்.சி. 16. முட்டுக்கட்டை தீர்ந்தது. 2007 தேர்தலிலிருந்து தொகுதிகள் 41, அதாவது ஒற்றைப்படை. இரண்டே கட்சி இருந்தால் இனி சமநிலை வராது.

கட்சிக்குள் ஜெயித்தால் போதுமா?

2007 தேர்தலில் மேனிங் 26 இடங்களோடு சுலபமாக வென்றார், ஏனென்றால் எதிரணி வாக்குகள் பிரிந்தன. மக்கள் காங்கிரஸ் என்ற புதுக் கட்சி 20 சதவீதத்துக்கும் மேல் வாக்கு வாங்கி ஒரு இடம்கூட ஜெயிக்கவில்லை. தொகுதியில் முன்னால் வந்தவர் மட்டுமே வெற்றியாளர் என்ற முறையில் இப்படி நடக்கும்.

2010 ஜனவரியில் யு.என்.சி. உட்கட்சித் தேர்தலில் கம்லா பெர்சாத்-பிசேசர் தன் அரசியல் ஆசானான பாண்டேயையே தோற்கடித்தார். கட்சித் தொண்டர்கள் அவரைத் தலைவராக்கிவிட்டார்கள், ஆனால் எதிர்க்கட்சித் தலைவர் பதவி தானாகக் கூட வரவில்லை. அது நாடாளுமன்ற உறுப்பினர்களின் ஆதரவைப் பொறுத்தது, அவர்களில் பலர் உடனே பாண்டேயை விட்டு வரவில்லை. ஏறக்குறைய ஒரு மாதம் கழித்துத்தான் எண்ணிக்கை கம்லாவின் பக்கம் திரும்பியது. இந்த வேறுபாடு முக்கியம்: கட்சியின் தலைவரைத் தொண்டர்கள் தீர்மானிக்கிறார்கள், அவையில் யார் தலைவர் என்பதை உறுப்பினர்கள் தீர்மானிக்கிறார்கள், இரண்டும் ஒரே ஆளாக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. அதே ஆண்டு ஏப்ரலில், தன் மீதான நம்பிக்கையில்லாத் தீர்மானம் விவாதத்துக்கு வரவிருந்த நேரத்தில் மேனிங் அவையைக் கலைத்தார். கம்லா, யு.என்.சி. உட்பட ஐந்து கட்சிகளின் கூட்டணி அமைத்து மே 24 தேர்தலில் 29-12 என்று வென்று, நாட்டின் முதல் பெண் பிரதமரானார்.

2015-இல் நிலவியல் அறிஞரான கீத் ரவுலி தலைமையில் பி.என்.எம். 23-18 என்று திரும்பியது, 2020-இல் 22-19 என்று தப்பியது. அப்புறம்தான் நாம் ஆரம்பத்தில் பார்த்த 2025.

அந்த ஜனவரியில் ரவுலி தான் விலகப்போவதாக அறிவித்தார். இறப்பு இல்லை, தோல்வி இல்லை, நம்பிக்கையில்லாத் தீர்மானமும் இல்லை. பதவிக்காலத்தின் நடுவில் தானாகவே எழுந்து போன பிரதமர் அந்த நாட்டில் அவருக்கு முன் இல்லை. பி.என்.எம். உறுப்பினர்கள் டொபாகோவில் கூடி வாக்களித்தார்கள். ஸ்டூவர்ட் யங் 11, பெனலோப் பெக்கிள்ஸ் 9. ஆனால் கட்சித் தலைவர் பதவியை ரவுலி விடவில்லை. 76-ஆம் பிரிவை மறுபடி எடுத்துப் பாருங்கள். பெரும்பான்மைக் கட்சிக்கு அவையில் தலைவராக இருப்பவரே பிரதமர் என்பது முதல் வழி, யங்கோ கட்சித் தலைவர் இல்லை. அப்படியானால் எந்த வழியில் அவரை நியமிப்பது? எதிர்க்கட்சி இது செல்லாது என்று குரல் எழுப்பியது. ரவுலி பதவி விலகியபின், ஜனாதிபதி கிறிஸ்டின் கங்காலூ மார்ச் 17 அன்று யங்குக்குப் பதவிப் பிரமாணம் செய்து வைத்தார். உறுப்பினர்களின் பெரும்பான்மை ஆதரவு அவருக்கு இருந்தது என்பதில் சந்தேகம் இல்லை, அதுவரை நியமனம் எனக்கும் சரியாகவே படுகிறது.

பிரச்சினை வேறு இடத்தில். 1981-இல் சேம்பர்ஸ் தனக்குக் கிடைத்த நாற்காலியைக் கட்சிக்கும் நாட்டுக்கும் பழக்கப்படுத்த ஏழு மாதம் எடுத்துக்கொண்டார். யங் பதவியேற்ற மறுநாளே தேர்தல் தேதியை அறிவித்தார், ஏப்ரல் 28. அவரைப் பிரதமர் என்று மக்கள் பார்த்துப் பழகவே நேரம் இல்லை, சொந்தக் கட்சியில் பாதிப் பேர் மனம் ஒட்டவில்லை, வன்முறைக் கும்பல்களால் அவசர நிலை அமலில் இருந்த நாட்டில் பத்து வருட ஆட்சியின் சலிப்பு முழுவதும் அவர் தலையில் விழுந்தது. யு.என்.சி. 26, பி.என்.எம். 13, டொபாகோ மக்கள் கட்சி 2. மே 1 அன்று கம்லா பத்து ஆண்டு இடைவெளிக்குப் பின் மறுபடி பதவியேற்றார். அந்த நாட்டின் வரலாற்றிலேயே மிகக் குறுகிய காலம் பிரதமராக இருந்தவர் என்ற இடம் யங்குக்கு. ரவுலி கட்சித் தலைமையையும் விட்டார். 11-9 என்று தோற்ற பெக்கிள்ஸ் எதிர்க்கட்சித் தலைவரானார்.

கம்லாவுக்கு இப்போது தெளிவான பெரும்பான்மை இருப்பதால் ஜனாதிபதியின் கணிப்புக்கு வேலை இல்லை, 76-ஆம் பிரிவின் முதல் வழியோடு கதை முடிகிறது. அடுத்த பொதுத்தேர்தல் 2030-க்குள் வந்தாக வேண்டும், தேதியைச் சொல்ல வேண்டியவர் அவர். முன்கூட்டியே வைத்து மேனிங் வழியில் போவாரா, கடைசி வரை இழுப்பாரா தெரியாது. எப்போது வைத்தாலும் அது ஒரு திங்கட்கிழமையாக இருக்கும் என்று மட்டும் தாராளமாகப் பந்தயம் கட்டலாம்.